வால் எழுத்து

துளசிமணிக்கு ரத்தத்தைக் கண்டால் ஆகாது. செவிலியர் படிப்பில் சேர்ந்து, பிரசவ வார்டுக்கு முதன்முதலாகப் போன அன்றே மயங்கி விழுந்தாள். தலையில் தையல் போட்டுத்தான் வீட்டுக்கு அனுப்பினார்கள். பிறகு மெடிக்கல் கோடிங் படித்து, சேலம் ஐந்து ரோடு பக்கம் ஒரு கண்ணாடிக் கட்டடத்தின் மூன்றாவது மாடியில் வேலைக்கு உட்கார்ந்தவள், அங்கேயே தங்கிவிட்டாள். மருத்துவர்கள் எழுதுவதைப் படித்து, நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீட்டைப் போட வேண்டும். அடிபட்டவர்கள் அவளிடம் எழுத்தும் எண்ணுமாகத்தான் வந்து சேர்வார்கள். ரத்தம் இருக்காது. அது அவளுக்குத் தோதாக இருந்தது.

குறியீட்டை இயந்திரமே தேர்ந்து கொடுத்துவிடும். ஆனால் சரிபார்த்துப் பூட்டுவதற்கு ஒரு மனிதக் கை வேண்டும் என்று சட்டம். பூட்டிய குறியீடு சும்மா கிடப்பதில்லை, தானாகவே வேலை செய்யும் என்பதுதான் காரணம். ஒரு தெருவில் காலரா என்று பூட்டினால், யாரையும் கேட்காமல் அந்தத் தெருவின் குடிநீர்க் குழாய் அடைபடும். ஒரு மாத்திரையால் மூச்சு முட்டியது என்று பூட்டினால், அந்த மாத்திரை எல்லா மருந்துக் கடையிலும் விற்பனையிலிருந்து நீங்கிவிடும். அதிகாரியோ மந்திரியோ குறுக்கே வர முடியாது. தண்ணீரில் விஷம் கலந்து ஓர் ஊரே செத்த பிறகு, மக்கள் தெருவில் உட்கார்ந்து போராடி வாங்கிய ஏற்பாடு அது.

ஐப்பசி மாதம் ஏழுவளவு மலையின் சுகாதார நிலையத்திலிருந்து ஒரு சார்ட் வந்தது. நோயாளியின் மருத்துவக் குறிப்பை அவர்கள் சார்ட் என்பார்கள். நோயாளி பெயர் சடையப்பன். வயதானவர். இரண்டு கண்ணிலும் விழித்திரையின் நடுப்பகுதி பொசுங்கியிருந்தது. காரணம் என்ற இடத்தில் மருத்துவர் எழுதியிருந்தார்: சூரியனை நெடுநேரம் வெறித்துப் பார்த்தது.

இயந்திரம் அதற்குரிய குறியீட்டை எடுத்து வைத்துவிட்டு, பூட்டச் சொல்லி மினுங்கிக்கொண்டிருந்தது. துளசிமணியின் விரல் போகவில்லை. ஜன்னலுக்கு வெளியே சேலமே நனைந்து கிடந்தது. மலையில் கேட்கவே வேண்டாம். அதே மலையிலிருந்து, அதே காரணத்தோடு, இதற்கு முன் இரண்டு சார்ட்டுகளைத் தானே பூட்டியதும் நினைவுக்கு வந்தது.

மேலாளர் ஜெயசீலன் பின்னால் வந்து நின்றார். "என்ன துளசி, இதையே புடிச்சுக்கிட்டு உக்காந்திருக்கீங்க?"

"மலையில விடாத மழை சார். இவரு எந்தச் சூரியனப் பாத்தாரு?"

"டாக்டர் என்ன எழுதியிருக்காரோ அதுக்குத்தாம்மா நாம கோட் போடறோம். வானிலை பாக்கறது நம்ம வேலையில்ல." அவர் கெட்ட மனிதர் இல்லை. குரலைத் தாழ்த்திக்கொண்டு, "ஏழுவளவுல ஒளிக்கோபுரம் இருக்கு. தெரியுமில்ல? தோண்டாதீங்க" என்றார்.

தெரியும். சேலத்துக்காரர்கள் எல்லோருக்கும் தெரியும். மண்சரிவில் ஏழுவளவின் மலைச்சாலையும் மின்கம்பங்களும் அடித்துச் செல்லப்பட்ட பிறகு, ஒரு நிறுவனம் அடிவாரத்தில் கோபுரம் கட்டி, அங்கிருந்து மேலே லேசர் கதிராக மின்சக்தியை அனுப்பியது. கதிர் கண்ணுக்குத் தெரியாது. மலையுச்சியில் ஒரு கறுப்புப் பலகை அதை வாங்கி மின்சாரமாக மாற்றும். கதிரைச் சுற்றி ஒரு காவல் வளையம் உண்டு. குருவி குறுக்கே பறந்தாலும் கண்ணிமைப்பில் கதிர் அணைந்துவிடும் என்று திறப்பு விழாவில் சொன்னார்கள்.

லேசர் கதிர் பட்ட காயத்துக்கென்று மருத்துவக் குறியீட்டில் நெடுங்காலமாகவே ஓர் இடம் இருக்கிறது. கோபுரங்கள் வந்த பின், ‘லேசர் பட்டது, விபத்து’ என்று ஒரே ஒரு குறியீடு பூட்டப்பட்டாலும் அந்தக் கோபுரம் தானாக நின்றுவிட வேண்டும், விசாரணை முடிந்த பிறகே மறுபடி எரிய வேண்டும் என்று விதி வந்தது. விசாரணை என்றால் மாதக்கணக்கு.

காரணத்தைத் தெளிவுபடுத்துமாறு துளசிமணி மருத்துவருக்குக் கேள்வி அனுப்பினாள். எழுத்தில் பதில் வரவில்லை. போன்தான் வந்தது.

"ஏழுவளவுல இருந்து டாக்டர் திருமாறன் பேசறேன். நீங்கதான் கேட்டிருந்தீங்களா?"

"ஆமாங்க டாக்டர். சூரியன்னு எழுதியிருக்கீங்க..."

"போன்ல வேண்டாம். ஒரு நாள் மேல வந்து பாத்துட்டுப் போங்க. அதுக்கப்புறம் எந்த எழுத்தப் போட்டாலும் நான் ஏன்னு கேக்க மாட்டேன்."

வீட்டில் கணவன் கோபித்துக்கொண்டான். மழையில் எந்த மடையன் மலையேறுவான் என்றான். ஏற்கெனவே பூட்டிய அந்த இரண்டு சார்ட்டுகள் அவளுக்குள் உறுத்திக்கொண்டே இருந்தன. ஞாயிற்றுக்கிழமை காலை கிளம்பிவிட்டாள்.

சரிவு வரைக்கும் ஜீப் போயிற்று. அதற்கு மேல் நடை. ஊருக்கு மேலே, பாறையில், சினிமாத் திரை அகலத்துக்கு அந்தக் கறுப்புப் பலகை நின்றது. மலை முழுக்க அடைத்துக்கொண்டிருந்த பனி, பலகைக்கு முன்னால் மட்டும் ஒரு கோடாக விலகி விலகி மூடியது. அங்கே என்னவோ இருக்கிறது என்பதற்கு அது ஒன்றுதான் அடையாளம். துளசிமணி கண்ணைத் தாழ்த்திக்கொண்டு சுகாதார நிலையத்துக்குள் நுழைந்தாள்.

உள்ளறையில், பிறந்த குழந்தையைச் சூட்டில் வைக்கும் கண்ணாடிப் பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு பெரியவர் முக்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். பெட்டிக்குள் ஒரு கையளவு உயிர் கிடந்தது. அதன் நெஞ்சு மட்டும் தூக்கித் தூக்கி அடங்கியது.

"வாங்கம்மா. சேலத்துல இருந்துங்களா?" என்றவர், முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டே பேசினார். "கோவிச்சுக்காதீங்க. நேராப் பாத்தா உங்க மூஞ்சி தெரியாதுங்க. ஓரமாப் பாத்தா கொஞ்சம் மங்கலாத் தெரியுது. நாந்தானுங்க சடையப்பன்."

அவள் பெட்டியைப் பார்த்தாள். "யார் குழந்தைங்க?"

"எம் பேத்திங்க. ஏழு மாசத்துல பொறந்துட்டா. அவங்க அம்மா இன்னும் எந்திரிக்கல." பெட்டியின் பக்கம் குனிந்தார். "இவ காது தெரியுதுங்க. தலையில முடி தெரியுது. மூஞ்சி இருக்கற எடத்துல மட்டும் ஓட்டைங்க. யாரு சாயல்னு கேட்டா ஆளாளுக்கு ஒண்ணு சொல்றாங்க."

துளசிமணி அவர் பக்கம் திரும்பினாள். "கண்ணு எப்படிங்க இப்படி ஆச்சு?"

"பலகை தொடைக்கப் போனனுங்க. பனி படிஞ்சா கரண்டு பாதியாப் போயிரும். மூங்கில்ல துணி கட்டி, பக்கத்துல நின்னு தொடைக்கோணும். ஈரத்துல அந்த வெளிச்சம் தெறிக்கும்பாரு டாக்டரு. வலியே இல்லீங்க. ஊட்டுக்குப் போயி சோத்துத் தட்டப் பாத்தப்பத்தான், நடுவுல சோறக் காணம்."

"தெரியாமப் போயிட்டீங்களா?"

"தெரியாமயா? எனக்கு முன்ன போன மாதையனுக்கும் லட்சுமிக்கும் ஆனதப் பாத்துட்டுத்தானுங்க போனேன்." அவர் உள்ளங்கையைக் கண்ணாடி மேல் வைத்தார். "பொட்டி சூடு கொறஞ்சுதுங்க."

தெரிந்தே போனதற்குச் சார்ட்டில் இடமே இல்லை.

டாக்டர் திருமாறன் அவளைத் தன் அறைக்குக் கூட்டிப் போனார். நாற்பது வயதிருக்கும். சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டிருந்தார். டீயை அவள் பக்கம் நகர்த்தியபோது டம்ளரைத் தடவிப் பார்த்து நகர்த்தினார்.

"சாதாரண வெளிச்சம்னா கண்ணு கூசும், இமை தானா மூடிக்கும். இது கண்ணுக்கே தெரியாத வெளிச்சம். அதனால கண்ணு திறந்தே இருக்கும். நம்ம கண்ணுல இருக்கற லென்ஸே அதக் குவிச்சு, விழித்திரை நடுவுல சுட்டுரும். பூதக்கண்ணாடில காகிதத்த எரிக்கிற மாதிரி."

"காவல் வளையம்னு ஒண்ணு இருக்காமே டாக்டர்?"

"இருந்துச்சு. இலை விழுந்தா அணையும், பனி வந்தா அணையும். எத்தன தடவதான் திரும்ப ஏத்தறதுன்னு கம்பெனில அதத் தளர்த்தி வச்சுட்டாங்க. பலகை தொடைக்க வந்திட்டிருந்த அவங்க ஆளுங்களும் ரோடு மோசம்னு நின்னுட்டாங்க. பாதுகாப்புக் கண்ணாடி கேட்டேன். குடுத்தா, பலகைகிட்ட ஆள் போறாங்கன்னு நாங்களே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிரும்னாங்க. நானே கடையில வாங்கினேன். அது வேற நிறத்து ஒளிக்கானது. லட்சுமி அதப் போட்டுக்கிட்டுத்தான் போனா."

"விபத்துன்னு எழுதியிருக்கலாமே. கோபுரம் நின்னாத்தானே விசாரிப்பாங்க?"

"நின்னா, விசாரணை முடியறவரைக்கும் அந்தப் பெட்டிக்கு யாரு சூடு குடுக்கறது? ஆக்சிஜன் மிஷின்ல ரெண்டு பேர் இருக்காங்க. தூக்கிட்டுப் போக ரோடு இல்ல. அந்த விதி வேணும்னு ஊர்வலம் போனவங்கள்ல நானும் ஒருத்தன். அதுலயே நான் மாட்டிக்கிட்டேன்."

அவர் பேசும்போதெல்லாம் அவள் தோளுக்கு மேலே சுவரைப் பார்த்துப் பேசுவது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.

"டாக்டர், உங்களுக்கும்..."

"முதல் ஆள் நான்தான். அப்ப எனக்கே தெரியாது. ஒரு கண்ணு முழுக்கப் போச்சு, இன்னொண்ணு பாதி. நான் சார்ட் எழுதிக்கல. அடுத்தவங்கள நான்தான் அனுப்பினேன். ஒவ்வொருத்தர்கிட்டயும் என்ன ஆகும்னு சொல்லித்தான் அனுப்பினேன். நானே போயி மிச்ச கண்ணும் போயிட்டா, இங்க ஊசி போட ஆள் இல்லன்னு எனக்கு நானே சொல்லிக்கிட்டேன். சரியோ தப்போ, அதுதான் நடந்தது."

வெளியே யாரோ இருமினார்கள். துளசிமணி டீயைத் தொடவில்லை.

"கோட் கடைசில ஒரு எழுத்து வரும் டாக்டர்" என்றாள். "நாங்க வால்னு சொல்லுவோம். எப்படி நடந்ததுன்னு அதுதான் சொல்லும். நாலே நாலுதான். விபத்து. தானே செஞ்சுக்கிட்டது. பிறர் செஞ்சது. தெரியல. தெரியலன்னு போட்டாலும் விபத்து மாதிரிதான், கோபுரம் நின்னுரும். தானே செஞ்சுக்கிட்டதுன்னா சடையப்பன் ஐயாவ மனநல ஆஸ்பத்திரில கொண்டுபோயி வச்சிருவாங்க."

"பிறர் செஞ்சதுன்னு போட்டா?"

"கோபுரம் நிக்காது. நேரா போலீஸுக்குப் போகும். ஆனா செஞ்சது யாருன்னு பேரு கேக்கும். கம்பெனி பேரப் போட முடியாது. ஆள் பேருதான் வேணும்."

அவர் மேசையைத் தடவி, எழுதும் திரையைப் பக்கத்தில் இழுத்தார். கண்ணுக்கு அருகே தூக்கிப் பிடித்துக்கொண்டு எழுத ஆரம்பித்தார்.

"என்ன பண்றீங்க டாக்டர்?"

"நான் எழுதாம நீங்க போட முடியாதில்ல. மூணு சார்ட்டையும் திருத்தித் தரேன். என் உத்தரவுப்படி அவங்க கதிர்கிட்டப் போனாங்கன்னு. பொய் இல்லையே."

"என் கையால உங்களப் புடிச்சுக் குடுக்கச் சொல்றீங்க."

"கோர்ட்ல ஏன் அனுப்பினேன்னு கேப்பாங்க. அதுக்குப் பதில் சொல்ல எனக்கு ஒரு எடம் வேணும். இதுவரைக்கும் யாரும் கேக்கல. நீங்க ஒருத்தர்தான் கேட்டீங்க."

"நீங்க போயிட்டா இங்க யாரு?"

"தெரியல" என்றார்.

அவள் இறங்கி வரும்போது மழை பிடித்துக்கொண்டது. சரிவைத் தாண்டும் இடத்தில் கால் வழுக்கி முழங்கை கிழிந்தது. ரத்தம் மணிக்கட்டு வரைக்கும் ஓடியது. ஜீப்பில் ஏறி உட்கார்ந்த பிறகுதான், தனக்கு மயக்கம் வரவில்லை என்பதைக் கவனித்தாள்.

மறுநாள் திருத்திய சார்ட்டுகள் அவள் திரையில் நின்றன. காலையெல்லாம் வேறு வேலை பார்த்தாள். மதியச் சாப்பாட்டுக்கு எழவில்லை. விபத்து என்று பூட்டினால் அந்தக் கண்ணாடிப் பெட்டி குளிர்ந்துவிடும். பிறர் செயல் என்று பூட்டினால் அந்த மலையின் ஒரே மருத்துவர் சிறைக்குப் போவார். ஒன்றும் செய்யாமல் விட்டால் இன்று மாலை பனி இறங்கும், மூங்கிலோடு இன்னொருவர் போவார். எந்தப் பக்கம் திரும்பினாலும் யாரோ ஒருவர் மேல் இடித்துக்கொண்டுதான் நகர முடிந்தது.

ஜெயசீலன் வந்து திரையைப் படித்தார். அவர் முகம் மாறியது. "இப்படி ஒரு கோட் யாரும் போட்டதில்ல துளசி."

"டாக்டர் எழுதியிருக்காரு சார்."

அவள் பூட்டினாள். பெயர் கேட்ட கட்டத்தில் திருமாறன் என்று தன் கையால் அடித்தாள்.

இரண்டே நாளில் டாக்டரை இறக்கிக் கொண்டுவந்தார்கள். ஊர் ஜனம் பாதி வழி வரைக்கும் கூடவே நடந்து வந்ததாகச் செய்தியில் சொன்னார்கள். போலீஸ் மலையேறி வந்து பலகையைப் பார்க்கப் போகிறது என்று தெரிந்ததும், நிறுவனம் அவசர அவசரமாக, தானே துடைக்கும் கருவி ஒன்றைப் பலகையில் பொருத்தியது. கோபுரம் அணையவே இல்லை. வாரத்துக்கு ஒரு முறை வேறொரு மருத்துவர் நடந்தே மேலே போய்வந்தார். அவர் போகாத ஒரு நாளில், ஆக்சிஜன் வைத்திருந்த இருவரில் ஒருவர் இறந்துபோனார். சடையப்பனின் பேத்தி எடை கூடி, பெட்டியை விட்டு வெளியே வந்தாள்.

வழக்கில், ஏன் அனுப்பினீர்கள் என்று ஒருவரும் கேட்கவில்லை. அனுப்பினீர்களா இல்லையா என்றுதான் கேட்டார்கள். ஆமாம் என்றார் டாக்டர். நிறுவனத்தின் பெயர் தீர்ப்பில் ஓரிடத்திலும் வரவில்லை. கோர்ட் வராந்தாவில் போலீஸார் அவரைச் சிறைக்குக் கூட்டிக்கொண்டு போனபோது துளசிமணி எதிரே போய் நின்று, தன் பெயரைச் சொன்னாள்.

"பெட்டி சூடா இருக்கா?" என்று கேட்டார் அவர்.

"இருக்குங்க டாக்டர். குழந்தைய வீட்டுக்குத் தூக்கிட்டுப் போயிட்டாங்க."

"அப்ப சரி" என்றுவிட்டு நடந்தார். அவரை நடத்திக்கொண்டு போன காவலர், படி இருக்கிறது சார், படி இருக்கிறது சார் என்று சொல்லிக்கொண்டே போனார்.

துளசிமணி வேலையை விட்டுவிடலாம் என்று பலமுறை நினைத்தாள். விட்டால், அந்த நாற்காலியில் உட்காரப் போகிறவர் ஒன்றும் கேட்காமல் பூட்டுவார் என்ற எண்ணம் அவளை விடவில்லை. தொடர்ந்து போனாள். கோபுரங்கள் பெருகின. வடக்கே, தெற்கே, சாலை போகாத மலைகளிலெல்லாம் நட்டார்கள்.

அடுத்த மழைக்காலத்தில் ஒரு நாள் காலை, ஆனைவிழுந்தான் மலையிலிருந்து ஒரு சார்ட் வந்தது. தெற்கே எங்கோ இருக்கும் மலை. பெயர்கூட அவள் கேள்விப்பட்டதில்லை. இளம்பெண் ஒருத்தி. இரண்டு கண்ணிலும் விழித்திரையின் நடுப்பகுதி பொசுங்கியிருந்தது. அங்கிருந்த செவிலி ஒளித்து மறைக்காமல் எழுதியிருந்தாள்: பலகை துடைக்கப் போன இடத்தில் லேசர் பட்டது.

துளசிமணி வாலைத் தேடிக் கையை நகர்த்துவதற்குள் இயந்திரமே அதைப் போட்டுவிட்டது. பிறர் செயல். கீழே, பெயர் கேட்கும் கட்டமும் காலியாக இல்லை. பாக்கியசீலி, செவிலியர் என்று அதில் தானாகவே எழுதியிருந்தது.

"சார்" என்று கூப்பிட்டாள். குரல் அவளுக்கே அந்நியமாக இருந்தது.

ஜெயசீலன் எட்டிப் பார்த்தார். "அதுவா? போன மாசம் புதுசா வந்திருக்கு. உங்க ஏழுவளவு சார்ட்ல இருந்து கத்துக்கிட்டதுதான். பலகைகிட்ட ஆள யாரு அனுப்பியிருப்பாங்கன்னு பாத்து அதுவே பேர எடுத்துப் போட்டுருது. இப்ப எல்லா மலைக்கும் இதான் வழக்கம். கோபுரம் நிக்காது, கம்பெனிக்கும் தொந்தரவில்ல. உங்க பேரக்கூட மேலிடத்துல பாராட்டிச் சொன்னாங்க துளசி. பூட்டுங்க."

அவர் போகவில்லை. பக்கத்திலேயே நின்றார். பூட்டும் பொத்தான் மினுங்கிக்கொண்டிருந்தது.

துளசிமணி போனை எடுத்தாள். சார்ட்டின் தலைப்பில் இருந்த எண்ணைப் போட்டாள். வெகுநேரம் அடித்த பிறகு, மூச்சு வாங்கும் ஒரு பெண் குரல் எடுத்தது.

"ஆனைவிழுந்தான் ஆஸ்பத்திரி. யாரு பேசுதீங்க?"

"பாக்கியசீலிங்களா? நான் சேலத்துல இருந்து துளசிமணி பேசறேன். உங்க சார்ட்டுக்குக் கோட் போடறவ. உங்க பேர இங்க ஒரு கட்டத்துல போட்டிருக்காங்க. நான் பூட்டினா உங்களப் புடிச்சுட்டுப் போயிருவாங்க. நீங்க தயவுசெஞ்சு இனிமே யாரையும் பலகை தொடைக்க அனுப்பாதீங்க."

மறுமுனையில் ஏதோ ஒரு மிஷின் விட்டு விட்டு உறுமிக்கொண்டிருந்தது.

"அனுப்பலேன்னா?" என்று கேட்டாள் பாக்கியசீலி. கோபமாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

துளசிமணி திரையில் மினுங்கும் பொத்தானைப் பார்த்தாள்.

"நீங்க லைன்லயே இருங்கக்கா" என்றது அந்தக் குரல். "இங்க பனி எறங்கிட்டு. மிஷின் இப்பமே மூச்சு விட மாட்டேங்கு. ஆள அனுப்பிட்டு வந்து பேசுதேன்."

போனை மேசை மேல் வைக்கும் சத்தம் கேட்டது. கதவு திறந்தது. பிறகு, எட்டத்தில், அவள் யாரையோ பெயர் சொல்லிக் கூப்பிடுவது கேட்டது.